கிடப்பில் போன பாட்டும் கசிந்த பாட்டும்

2013 ஆகஸ்டில் எம்.ஐ.ஏ. என்ற பாடகி தன் லேபிளான இன்டர்ஸ்கோப்பைப் பகிரங்கமாக மிரட்டினார். ஆல்பத்தை இன்னும் இழுத்தடித்தால் தானே அதை இணையத்தில் கசியவிட்டுவிடப் போவதாக ட்விட்டரில் எழுதினார். லண்டனில் பிறந்து, ஆறு மாதக் குழந்தையாக இலங்கைக்குக் கொண்டுபோகப்பட்டு, யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, போரினால் அகதியாக மறுபடி லண்டன் வந்துசேர்ந்த மாதங்கி அருள்பிரகாசம்தான் இவர். முதல் ஆல்பத்துக்குத் தந்தையின் இயக்கப் பெயரான ‘அருளர்’, இரண்டாவதற்குத் தாயின் பெயரான ‘கலா’ என்று வைத்தவர், நான்காவதற்குத் தன் சொந்தப் பெயரையே வைத்திருந்தார். அந்த ‘மாதங்கி’ முதலில் 2012 டிசம்பரில் வரும் என்றார்கள். பிறகு 2013 ஏப்ரல் என்றார்கள். லேபிள்காரர்களுக்கு அதன் தொனி பிடிக்கவில்லை, திருத்தச் சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்று அவரே பேட்டியில் சொன்னார். ட்விட்டர் மிரட்டல் வந்த சில நாட்களில் வெளியீட்டுத் தேதி அறிவிக்கப்பட்டது: நவம்பர் 5.

பாட்டு கசிவது என்றால் பாடகருக்கு நேரும் திருட்டு என்றுதான் பொதுவாகப் புரிந்துகொள்கிறோம். இங்கே பாடகியே அதைக் கையில் ஆயுதமாக எடுக்கிறார். தான் எழுதி, தான் பாடி முடித்த பாட்டைத் தன் ரசிகர்களுக்குக் கொடுக்க ஒருவருக்கு இந்த வழி மட்டுமே மிஞ்சியிருந்தது என்றால், கோளாறு இணையத்தில் தொடங்கவில்லை. அது ஒப்பந்தத்தில் தொடங்குகிறது.

பெரிய லேபிள்கள் புதிய பாடகரோடு போடும் ஒப்பந்தத்தின் அமைப்பு பல பத்தாண்டுகளாகப் பெரிதாக மாறவில்லை. முதல் ஆல்பம் உறுதி. அதற்குப் பிறகு மூன்றோ நான்கோ ஐந்தோ ஆல்பங்கள், லேபிள் விரும்பினால். வேண்டும் என்று சொல்லும் உரிமை லேபிளுக்கு மட்டுமே. பாடகர் போகிறேன் என்று சொல்ல முடியாது. முன்பணம் தருவார்கள், ஸ்டூடியோ வாடகை, தயாரிப்பாளர் கூலி, வீடியோ செலவின் ஒரு பகுதி என எல்லாம் அவர் கணக்கில் பற்று எழுதப்படும். அது ராயல்டியில் கழிந்து தீர்ந்த பிறகுதான் அவர் கைக்குக் காசு வரும். பதிவான மாஸ்டர், அதாவது மூல ஒலிப்பதிவு, லேபிளின் சொத்து. ஒப்பந்தக் காலமோ ஆண்டுக் கணக்கில் ஓடுவதில்லை, ஆல்பக் கணக்கில் ஓடுகிறது. கொடுத்த ஆல்பத்தை லேபிள் ‘ஏற்றுக்கொண்டால்’தான் ஒன்று முடிந்ததாகக் கணக்கு. வணிகரீதியாகத் திருப்தி தரவில்லை என்று திருப்பி அனுப்பினால் கடிகாரம் நின்ற இடத்திலேயே நிற்கும். அதுவரை வேறு எங்கும் பாடிப் பதிவு செய்யவும் முடியாது.

இதில் முக்கியமான ஓர் இடைவெளி உண்டு. ஆல்பம் தருவது பாடகரின் கடமை. தந்ததை வெளியிடுவது லேபிளின் கடமை என்று சாதாரண ஒப்பந்தம் சொல்வதில்லை. அப்படியொரு விதியை எழுதி வாங்க ஏற்கெனவே பெயர் பெற்றவர்களால்தான் முடிகிறது. முதல் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் பத்தொன்பது வயதுக்காரருக்கு அது கிடைப்பது அரிது.

பணம் செலவழித்து எடுத்த ஆல்பத்தை ஒரு நிறுவனம் ஏன் கிடப்பில் போட வேண்டும்? ரசிகர்கள் இதைப் பெரும்பாலும் குரோதமாகப் பார்க்கிறார்கள். எனக்குத் தெரிந்தவரை காரணம் அதைவிட வறட்சியானது. ஆல்பத்தைப் பதிவு செய்யும் செலவைவிட அதைச் சந்தைக்குக் கொண்டுபோகும் செலவு பெரிது. எடுத்த செலவு போனது போகட்டும், இனி போடும் காசையாவது மிச்சம் பிடிப்போம் என்று கணக்குப் பார்ப்பவர்கள் முடிவெடுக்கிறார்கள். அந்தப் பாடகரைத் தேடிப்பிடித்து ஒப்பந்தம் செய்த அதிகாரி வேலை மாறிப்போய்விட்டால் உள்ளே அவருக்காகப் பேச ஆளில்லை. நிறுவனங்கள் ஒன்றோடொன்று இணையும்போது நிலைமை இன்னும் மோசம். 1998இல் பாலிகிராமை யுனிவர்சல் வாங்கியபின் பல லேபிள்கள் ஒன்றாக்கப்பட்டன. எத்தனையோ இசைக்குழுக்கள் அந்தக் கணக்குச் சீரமைப்பில் அடிபட்டுப் போயின. 2001இல் வில்கோ குழுவின் ‘யாங்கி ஹோட்டல் ஃபாக்ஸ்ட்ராட்’ ஆல்பத்தை வார்னரின் ஒரு லேபிளான ரிப்ரைஸ் வேண்டாம் என்றது. குழு அதைத் தன் இணையதளத்தில் எல்லோரும் கேட்கும்படி வைத்தது. 2002இல் அதே வார்னரின் இன்னொரு லேபிளான நன்சச் அதை வாங்கி வெளியிட்டது. ஒரே ஆல்பத்துக்கு ஒரே முதலாளி இருமுறை பணம் கொடுத்தார். பாட்டு நன்றாக இருப்பதற்கும் வெளியாவதற்கும் நேர்த் தொடர்பு இல்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியாது.

ஆனால் ரசிகர்களின் கோபம் எப்போதும் சரியான இடத்தில்தான் விழுகிறதா? இதைப் பேசப் பாடகி ஃபியோனா ஆப்பிளின் கதையைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும்.

1996இல் பதினெட்டு வயதில் முதல் ஆல்பம், 1999இல் இரண்டாவது. மூன்றாவதான ‘எக்ஸ்ட்ராடினரி மெஷின்’ வேலையை 2002இல் தயாரிப்பாளர் ஜான் ப்ரையனோடு தொடங்கினார். லாஸ் ஏஞ்சலஸில் ஒரு பழைய மாளிகையில் பதிவு நடந்தது. தந்தி வாத்தியங்களை லண்டனின் ஏபி ரோடு ஸ்டூடியோவில் சேர்த்தார்கள். 2003 போனது, ஆல்பம் வரவில்லை. 2004 போனது, வரவில்லை. பாட்டில் ஹிட் எதுவும் இல்லை என்று அவருடைய நிறுவனமான சோனி அதை முடக்கிவிட்டது என்ற பேச்சு பரவியது. அதுவரை தனியாகக் காத்திருந்த ரசிகர்கள் ‘ஃப்ரீ ஃபியோனா’ என்ற பெயரில் திரண்டார்கள். ஜனவரி 2005இன் குளிரில் நியூயார்க்கில் சோனி அலுவலகத்தின் வாசலில் நின்று அவர் பெயரை முழங்கினார்கள். ஆப்பிள் பழங்களை நிறுவனத்துக்கு அனுப்பி வைத்தார்கள். அடுத்த சில வாரங்களில் சியாட்டலின் ஒரு வானொலி நிலையம் அந்தப் பாட்டுகளை ஒலிபரப்பியது. பிறகு முழு ஆல்பமும் பிட்டோரன்ட்டில் கிடைத்தது. ஐந்தாறு ஆண்டு காத்திருந்தவர்கள் ஓரிரவில் அதை இறக்கிக்கொண்டார்கள். இவ்வளவு நல்ல இசையையா பூட்டி வைத்தார்கள் என்ற கொதிப்பு இன்னும் கூடியது.

உண்மை பிறகு மெல்ல வெளிவந்தது. ப்ரையனோடு செய்த பதிப்பில் ஃபியோனாவுக்கே திருப்தி இல்லை. பாட்டுகளை மறுபடி செய்ய வேண்டும் என்று அவர்தான் விரும்பினார். லேபிள் அதற்குப் பணம் தர இசைந்தாலும், ஒவ்வொரு பாட்டாக முடித்துக் கொடு, கேட்டுவிட்டு அடுத்ததற்குப் பணம் தருகிறோம் என்றது. பரீட்சைத் தாள் போல ஒவ்வொன்றாகத் திருத்தி வாங்கும் நிலைக்குத் தன்னால் போக முடியாது என்று அவர் வேலையையே விட்டுவிட்டார். அந்த நேரத்தில்தான் தெருவில் ரசிகர்கள் நின்றார்கள்.

அதாவது, லேபிள் மறைத்து வைத்திருக்கும் தலைசிறந்த ஆல்பம் என்று ரசிகர்கள் கொண்டாடிக் கேட்டது, பாடகியே இன்னும் முடியவில்லை என்று கருதிய வேலை. அதே சமயம் அவர்கள் எழுப்பிய சத்தம் வீணாகவும் போகவில்லை. போராட்டத்தால்தான் லேபிள் இறங்கிவந்தது, ஆல்பம் வந்ததில் அவர்களுக்குப் பங்குண்டு என்று ஃபியோனா பிற்பாடு நன்றியோடு சொல்லியிருக்கிறார். 2005 அக்டோபரில் அதிகாரபூர்வப் பதிப்பு வந்தது. பன்னிரண்டு பாட்டுகள். ப்ரையன் செய்ததில் இரண்டை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டு, ஒன்பதைத் தயாரிப்பாளர் மைக் எலிசாண்டோவோடு திரும்பச் செய்து, புதிதாக ஒன்றைச் சேர்த்திருந்தார். பில்போர்டு பட்டியலில் ஏழாம் இடத்தில் நுழைந்தது.

இரண்டு பதிப்பையும் அடுத்தடுத்துக் கேட்டவர்களுக்கு வித்தியாசம் உடனே தெரியும். கசிந்த பதிப்பில் தந்தி வாத்தியங்களும் மணியொலிகளும் பாட்டைச் சுற்றிச் சுற்றி வருகின்றன. குரல் அவற்றுக்கு நடுவே வழி தேடிப் போகிறது. புதிய பதிப்பில் டிரம்ஸும் பேஸும் முன்னால் வந்து, குரல் நேராக நம் முகத்துக்கு எதிரே நிற்கிறது. எது மேல் என்ற சண்டை இன்றும் ஓயவில்லை. எனக்கு முதல் பதிப்பின் சில இடங்கள் மீது தீராத ஆசை உண்டு. ஆனாலும் எது தன் ஆல்பம் என்று சொல்லும் உரிமை அவருடையது. கசிவு அந்த உரிமையைப் பாதி பிடுங்கிக்கொண்டது. முடிவான பதிப்பு வெளிவரும் முன்பே ஒப்பிட்டுக் குறை சொல்ல ஒரு கூட்டம் தயாராக இருந்தது.

லேபிள் பாட்டைக் கிடப்பில் போடுகிறது. கசியவிடுகிறவர் அதே பாட்டைத் தெருவில் போடுகிறார். செயல்கள் எதிரெதிர். பாடகரிடமிருந்து பறிபோவது இரண்டிலும் ஒன்றுதான்: இது முடிந்தது, இப்போது கேளுங்கள் என்று சொல்லும் வாய்ப்பு. ரசிகர்களின் வாதங்களில் இந்தப் பாதி விட்டுப்போகிறது. லேபிள்களின் வாதங்களில் மற்றப் பாதி விட்டுப்போகிறது.

விட்டுப்போன அந்த மற்றப் பாதிக்குப் பாடகி ஜோஜோவின் வாழ்க்கையே சாட்சி. பன்னிரண்டு வயதில் பிளாக்கிரவுண்டு என்ற லேபிளோடு ஒப்பந்தம். 2004இல், பதிமூன்று வயதில், முதல் பாட்டே அமெரிக்க வானொலிப் பட்டியலில் முதலிடம். 2006இல் இரண்டாம் ஆல்பம். மூன்றாவது வரவே இல்லை. லேபிளுக்கும் விநியோக நிறுவனத்துக்கும் இருந்த உறவு அறுந்துபோக, வெளியிட வழியில்லாத ஒரு நிறுவனத்திடம் அவர் குரல் அடகில் இருந்தது. பதினாறு வயதில் தொடங்கிய காத்திருப்பு இருபதைத் தாண்டியும் நீண்டது. ஆல்பத்தின் பெயர் மாறியது, தேதிகள் மாறின. பதிவான பாட்டுகள் ஒவ்வொன்றாக இணையத்தில் கசிந்தன. ரசிகர்கள் மனுப் போட்டார்கள், கசிந்ததையெல்லாம் தாங்களே வரிசைப்படுத்தித் தொகுத்து வைத்துக் கேட்டார்கள். அவர் இலவச மிக்ஸ்டேப்புகளைத் தந்து தன் குரல் மறக்கப்படாமல் பார்த்துக்கொண்டார். 2013இல் வழக்குத் தொடர்ந்தார்: சிறார்களோடு செய்யும் ஒப்பந்தம் நியூயார்க் சட்டப்படி ஏழு ஆண்டுக்கு மேல் நீள முடியாது என்பது வாதம். அந்த ஆண்டு முடிவதற்குள் விடுதலை கிடைத்தது. மூன்றாம் ஆல்பம் 2016இல், பத்து ஆண்டு கழித்து வந்தது. அப்போதும் முதல் இரண்டு ஆல்பங்களை ஸ்ட்ரீமிங்கில் கேட்க வழியில்லை. மாஸ்டர் பழைய லேபிளிடம். 2018 டிசம்பரில் இரண்டையும் முதலிலிருந்து மறுபடி பாடி வெளியிட்டார். பதிமூன்று வயதில் பாடியதை இருபத்தெட்டு வயதில், ஒரு வரி விடாமல், தன் ரசிகர்கள் கேட்பதற்காகத் திரும்பப் பாடுவது என்ன வேலை என்று எண்ணிப் பாருங்கள்.

ஜோஜோவின் கசிந்த பாட்டைக் கேட்ட ரசிகரைத் திருடர் என்று சொல்ல எனக்கு மனம் வராது. வாங்கத் தயாராக இருந்தவர்களுக்கு விற்க ஆளில்லை.

இனி, பாட்டு எப்படித்தான் கசிகிறது? சிடி காலத்தில் அது கைவேலை. வட கரோலினாவின் கிங்ஸ் மவுன்டன் என்ற சிற்றூரில் பாலிகிராமுக்கு, பின்னர் யுனிவர்சலுக்கு, சிடி அச்சடிக்கும் ஆலை இருந்தது. பல வாரங்கள் கழித்துக் கடைக்கு வரவேண்டிய ஆல்பங்கள் அங்கே பெட்டி பெட்டியாகக் குவிந்திருக்கும். வாசலில் காவலர்கள் உலோகம் கண்டுபிடிக்கும் கருவியால் தொழிலாளர்களைச் சோதிப்பார்கள். தொழிலாளர்கள் பெரிய உலோகக் கொக்கி வைத்த பெல்ட் கட்டிக்கொண்டு வந்தார்கள். சிடியை ரப்பர் கையுறைக்குள் சுருட்டி அந்தக் கொக்கியின் பின்னால் செருகிவிட்டால், கருவி ஒலிக்கும்போது கொக்கியால்தான் ஒலிக்கிறது என்று விட்டுவிடுவார்கள். பத்திரிகையாளர் ஸ்டீபன் விட் 2015இல் எழுதிய நூலில் இதை விரிவாகப் பதிவு செய்திருக்கிறார். ஒரே ஒரு தொழிலாளி சில ஆண்டுகளில் ஏறத்தாழ 2,000 ஆல்பங்களை வெளியே கடத்தினார். அவை ரேபிட் நியூரோசிஸ் என்ற ரகசியக் குழு வழியாக எம்பி3 ஆகி உலகம் முழுக்கப் போயின. உலகின் மிகப் பெரிய இசை நிறுவனத்தின் விற்பனையை ஒரு பெல்ட் கொக்கி ஆட்டிவைத்தது.

அந்த ஆலைத் தொழிலாளிக்கு லேபிளின் கொடுமை பற்றியோ பாடகரின் விடுதலை பற்றியோ அக்கறை இருந்ததில்லை. இது முக்கியம். கிடப்பில் போன ஆல்பத்தை மீட்கும் கசிவும், அடுத்த மாதம் கடைக்கு வரவிருக்கும் ஆல்பத்தை முந்திக்கொள்ளும் கசிவும் ஒன்றல்ல. முதலாவதில் ரசிகர் தரப்பில் ஓரளவு நியாயம் உண்டு. இரண்டாவதில் அவசரம் மட்டுமே உண்டு.

இன்று ஆலை இல்லை, கொக்கி இல்லை. பாட்டு கோப்பாக இருக்கிறது: தயாரிப்பாளரின் மின்னஞ்சலில், பொறியாளரின் கணினியில், யாரோ ஒருவரின் இணையச் சேமிப்பில். போலி மின்னஞ்சல் அனுப்பிக் கடவுச்சொல்லைப் பிடுங்குகிறார்கள். பிறருடைய தொலைபேசி எண்ணைத் தங்கள் சிம்முக்கு மாற்றிக்கொண்டு கணக்குக்குள் நுழைகிறார்கள். கிடைத்த பாட்டை உடனே வெளியிடுவதில்லை. பத்து வினாடித் துண்டு ஒன்றை மட்டும் உலவவிட்டு ஆசை காட்டுகிறார்கள். முழுப் பாட்டுக்கு விலை சொல்கிறார்கள். டிஸ்கார்டில் ரசிகர்கள் ஆளுக்குக் கொஞ்சம் காசு போட்டுக் கூட்டாக அதை வாங்குகிறார்கள். அந்தப் பணத்தில் பாடியவருக்கு ஒரு காசு கிடையாது. அன்பின் பெயரால் திரட்டிய பணம், தாங்கள் நேசிக்கும் பாடகரின் கணினியை உடைத்தவருக்குப் போகிறது. அடுத்த முறை உடைக்கக் காரணமும் ஆகிறது. ரசிகர்களின் ஆற்றாமையை நான் மதிக்கிறேன், அதனால்தான் இதைச் சொல்லாமல் விட முடியவில்லை.

பாட்டு இப்படிக் களவுபோகும் வேதனையைப் பாடகி சார்லி எக்ஸ்சிஎக்ஸ் அளவுக்குப் பட்டவர்கள் குறைவு. 2014இன் ‘சக்கர்’ ஆல்பத்துக்குப் பின் ஸோஃபி உள்ளிட்ட தயாரிப்பாளர்களோடு அவர் செய்துவந்த மூன்றாம் ஆல்பம் வெளியீடு தள்ளித் தள்ளிப் போய், 2017 ஆகஸ்டில் இணையத்தில் கொட்டியது. ஆல்பமே கைவிடப்பட்டது. ரசிகர்கள் அதற்குத் தாங்களே பெயர் வைத்து, அட்டைப் படம் செய்து, இன்றுவரை போற்றுகிறார்கள். கச்சேரிகளில் அதிகாரபூர்வமாக வெளியாகாத ‘டாக்ஸி’யைப் பாடச் சொல்லிக் கூச்சலிட்டார்கள். மேடையில் நிற்பவருக்கு அது எப்படி இருந்திருக்கும்? தன் பாட்டு இவ்வளவு நேசிக்கப்படுகிறதே என்ற மகிழ்ச்சியும், தன் கையை மீறிப் போனதே என்ற வலியும் ஒரே குரலில் எதிரே எழுகின்றன. அவர் அந்த ஆண்டு டிசம்பரிலேயே ‘பாப் 2’ என்ற மிக்ஸ்டேப்பைத் தந்தார். 2020இல் ஊரடங்கு வந்தபோது இன்னும் துணிந்தார்: ஏப்ரல் தொடக்கத்தில் ஆல்பம் செய்யப்போவதாக அறிவித்து, அரைகுறைப் பாட்டையும் வரிகளையும் ரசிகர்களுக்கு நேரலையில் காட்டி, கருத்துக் கேட்டு, மே 15 அன்று ‘ஹவ் ஐயாம் ஃபீலிங் நவ்’ ஆல்பத்தை வெளியிட்டார். ஆறே வாரம். எல்லாவற்றையும் தானே திறந்து காட்டிவிட்டபின் கசியவிட யாருக்கும் எதுவும் மிச்சமில்லை. கசிவுக்கு எதிராக ஒரு பாடகர் செய்த மிகச் சிறந்த காரியம் என்று இதையே சொல்வேன். எல்லோராலும் இப்படிச் செய்ய முடியாது. தனிமையில்தான் எழுத முடியும் என்கிறவர்களுக்கு இது ஒரு தண்டனை.

மற்றவர்கள் பெரும்பாலும் தேதியை முந்திக்கொண்டார்கள். 2013 டிசம்பரில் பியான்சே முன்னறிவிப்பே இல்லாமல் நள்ளிரவில் முழு ஆல்பத்தையும் வெளியிட்டார். 2014 டிசம்பரில் மடோனாவின் முடிக்காத டெமோக்கள் கசிந்தபோது, முடித்த ஆறு பாட்டுகளை உடனே விற்பனைக்கு வைத்தார். கணினிக்குள் புகுந்து திருடியவருக்கு இஸ்ரேலிய நீதிமன்றம் பின்னர் 14 மாதச் சிறை விதித்தது. 2015 ஜனவரியில் பியோர்க் மார்ச்சில் வரவேண்டிய ஆல்பத்தைக் கசிவுக்குப் பின் அந்த மாதமே வெளியிட்டார். தமிழ்நாட்டுக்கும் இந்த அனுபவம் உண்டு. 2011 நவம்பரில் ‘ஒய் திஸ் கொலவெறி டி’யின் செப்பனிடாத வடிவம் கசிந்ததால்தான் சோனி அதை நவம்பர் 16 அன்று, தனுஷும் அனிருத்தும் ஸ்டூடியோவில் இருக்கும் காட்சிகளோடு, தனியாக வெளியிட்டது. அதற்குப் பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும்.

ஆனால் கசிவு நல்லதும் செய்கிறதே என்று இதிலிருந்து முடிவுகட்டுவதில் எனக்கு உடன்பாடில்லை. லானா டெல் ரே 2010களின் முதல் பாதியில் பதிவு செய்து ஒதுக்கிய ‘சே யெஸ் டு ஹெவன்’ பல ஆண்டு முன்பே கசிந்தது. டிக்டாக்கில் அதன் வேகம் கூட்டிய வடிவம் பரவியதும் 2023 மேயில் லேபிள் அதை முறைப்படி வெளியிட்டது. இது நல்ல முடிவாகவே தோன்றலாம். அதே லானா, காரிலிருந்து தன் பை திருடுபோனதையும், அதிலிருந்த மடிக்கணினியைத் தொலைவிலிருந்தே அழிக்க வேண்டிவந்ததையும், எழுதிக்கொண்டிருந்த 200 பக்கப் புத்தகம் அதோடு போனதையும் 2022 அக்டோபரில் சொன்னார். வெளியாகாத பாட்டுக்கு ஒரு சந்தை உருவாகிவிட்டால் பாடகரின் பை கூடச் சரக்காகிவிடுகிறது.

சட்டம் இதில் எந்தப் பக்கம் நிற்கிறது? அமெரிக்கா 2005 ஏப்ரலில் ஒரு சட்டம் இயற்றி, வெளியீட்டுக்குத் தயாராகும் இசையையோ படத்தையோ முன்கூட்டியே இணையத்தில் போடுவதை மூன்று ஆண்டு வரை சிறை விதிக்கத்தக்க குற்றமாக்கியது. கன்ஸ் அண்ட் ரோசஸ் குழுவின் அப்போது வெளிவராத ‘சைனீஸ் டெமாக்ரசி’ ஆல்பத்திலிருந்து ஒன்பது பாட்டுகளை 2008 ஜூனில் தன் இணையதளத்தில் வைத்த ஒருவர் இச்சட்டத்தின் கீழ் கைதானார், இரண்டு மாத வீட்டுக் காவலும் ஓராண்டு நன்னடத்தைக் கண்காணிப்பும் தண்டனை. அந்த ஆல்பத்துக்கு ரசிகர்கள் பத்து ஆண்டுக்கு மேல் காத்திருந்தார்கள் என்பது நீதிமன்றத்துக்குத் தேவைப்படாத தகவல். ஒரு நாள் முன்னால் வெளியிடுகிறவருக்குச் சிறை காத்திருக்கிறது. பத்து ஆண்டு வெளியிடாமல் வைத்திருப்பவருக்கு எதுவும் இல்லை.

அதனால் பாடகர்கள் ஊர்ச் சபையைத்தான் நாட வேண்டியிருக்கிறது. 2021 ஜூனில் பிரிட்டிஷ் பாடகி ரே, பாலிடார் லேபிளோடு 2014இலிருந்து நான்கு ஆல்பங்களுக்கு ஒப்பந்தத்தில் இருந்தும் ஓர் ஆல்பம்கூட வெளியிட விடவில்லை என்று ட்விட்டரில் கொட்டித் தீர்த்தார். அலமாரியில் பாட்டுகள் தூசு படிகின்றன, பிறருக்குக் கொடுத்த பாட்டுகள் ஹிட்டாகின்றன என்பது அவர் வேதனை. அடுத்த மாதமே லேபிள் அவரை விடுவித்தது. தானே வெளியிட்ட ‘எஸ்கேப்பிசம்’ 2023 ஜனவரியில் பிரிட்டனில் முதலிடம் பிடித்தது. பிப்ரவரியில் முதல் ஆல்பம். 2024இல் ஒரே இரவில் ஆறு பிரிட் விருதுகள், அதுவரை எவரும் பெறாத எண்ணிக்கை. ஏழு ஆண்டுகளாக வெளியிடத் தகுதியில்லை என்று வைத்திருந்த குரல் இதுதான். ரே தன் கோபத்தைக் கசிவாக்கவில்லை. பாட்டைத் தன்னிடமே வைத்துக்கொண்டு, அது பூட்டிக் கிடக்கும் செய்தியை மட்டும் வெளியே விட்டார். ரசிகர்களின் ஆத்திரமும் பாட்டைத் தேடிப் போகாமல் லேபிளின் வாசலுக்குப் போனது.

ஆனால் ட்விட்டரில் அழுது விடுதலை வாங்குவது ஓர் ஏற்பாடு ஆகாது. கேட்க ஆளில்லாத பாடகருக்கு அது பலிக்காது. செய்ய வேண்டியது தெரிந்த விஷயம்தான். ஆல்பம் கையளிக்கப்பட்ட நாளிலிருந்து இத்தனை மாதத்துக்குள் வெளியிட வேண்டும், தவறினால் நோட்டீஸ் கொடுத்து வெளியேறலாம், செலவைத் திருப்பிக் கொடுத்து மாஸ்டரை வாங்கிக்கொள்ளலாம் என்ற விதி. பெரிய பாடகர்களின் வழக்கறிஞர்கள் எழுதி வாங்கும் இதை எல்லோருக்குமான சட்டமாக்கினால் போதும்.

இதன் விதை சில நாட்டுச் சட்டங்களில் ஏற்கெனவே இருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியம் 2011இல் ஒலிப்பதிவுகளின் பாதுகாப்புக் காலத்தை 70 ஆண்டாக நீட்டியபோது, 50 ஆண்டுக்குப் பின்னும் லேபிள் அதை விற்பனைக்கு வைக்காவிட்டால் பாடியவர் ஒப்பந்தத்தை முறிக்கலாம் என்றது. ஐம்பது ஆண்டு காத்திருக்க வேண்டும் என்பதுதான் அதன் குறை. அதே ஒன்றியத்தின் 2019 பதிப்புரிமை ஆணையின் 22ஆம் பிரிவு இன்னும் முன்னால் போய், உரிமையை வாங்கியவர் அதைப் பயன்படுத்தாமல் வைத்திருந்தால் நியாயமான காலத்துக்குப் பின் படைத்தவரும் பாடியவரும் அதைத் திரும்பப் பெறலாம் என்கிறது.

இந்தியாவின் 1957 பதிப்புரிமைச் சட்டம் இதைவிடப் பழையது, படித்துப் பார்த்தால் இதைவிடத் துணிவானது. அதன் 19(4) பிரிவின்படி, உரிமையை எழுதி வாங்கியவர் ஓராண்டுக்குள் அதைப் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகிவிடும். ஓராண்டுதான். ஆனால் ஒலிப்பதிவைப் பொறுத்தவரை சட்டத்தின் கண்ணில் படைத்தவர் தயாரிப்பாளரே. ஆகவே மாஸ்டர் இதில் எளிதில் அடங்காது. மெட்டுக்கும் வரிக்கும் பொருந்தும் இடத்திலோ, ஒப்பந்தத்தில் வேறுவிதமாகக் குறிப்பிடாதவரை என்று அந்தப் பிரிவு முடிகிறது. ஒப்பந்தத்தை எழுதுவது யார் என்று தெரிந்தவர்களுக்கு அந்த வாசகத்தின் விளைவு தெரியும். ஐரோப்பிய ஆணை இதே ஓட்டையை முன்னுணர்ந்து, இந்த உரிமையைக் கைவிடும் ஒப்பந்த வாசகம் தொழிற்சங்கத்தோடு கூட்டாகப் பேசி எழுதப்பட்டிருந்தால் மட்டுமே செல்லும் என்று உறுப்பு நாடுகள் விதிக்கலாம் என இடம் வைத்திருக்கிறது. தனியாக ஓர் அறையில், லேபிளின் வழக்கறிஞர்களுக்கு எதிரே அமர்ந்திருக்கும் புதிய பாடகர் போடும் கையெழுத்து அதற்குப் போதாது.